சுறாவுக்கு ஒரு புத்தகம் வேண்டும்

(இராமநாதபுரம் மாவட்டக் கடற்கரை ஊர் ஒன்றில், நூலக வார விழா மேடையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

விழாவுக்குத் தலைமை ஏற்றிருக்கும் ஊராட்சி மன்றத் தலைவர் அம்மையார் அவர்களே, வாழ்த்துரை வழங்கி அமர்ந்திருக்கும் வட்டாட்சியர் அவர்களே, வேலைப்பளுவுக்கு நடுவிலும் வந்து சிறப்பித்திருக்கும் மீன்வளத்துறை உதவி இயக்குநர் அவர்களே, ஒரே மேடையில் அருகருகே வீற்றிருந்து இந்தக் கடற்கரையின் பெருமையைச் சொல்லாமல் சொல்லும் பங்குத்தந்தை அவர்களே, ஜமாஅத் தலைவர் அவர்களே, கோயில் நிர்வாகக் குழுப் பெரியவர்களே, நாட்டுப்படகுச் சங்கம், விசைப்படகுச் சங்கம் இரண்டின் நிர்வாகிகளே, நான்கு அலமாரியை வைத்துக்கொண்டு நாற்பது அலமாரிக்கான வேலையைச் செய்துவரும் கிளை நூலகர் அவர்களே, ஏலம் முடிந்த கையோடு நேராக இங்கே வந்திருக்கும் தாய்மார்களே, மாணவச் செல்வங்களே, அனைவருக்கும் என் பணிவான வணக்கம்.

வட்டாட்சியர் அவர்கள் இந்தச் சீமை தமிழுக்குச் செய்த தொண்டை எடுத்துச் சொன்னார்கள். 1901-இல் மதுரையில் தமிழ்ச் சங்கம் கண்ட பாண்டித்துரைத் தேவர் சேதுபதிகளின் குடும்பத்தில் தோன்றியவர். ஏடுகளைத் தேடிச் சேர்த்து அச்சேற்றப் பொருள் கொடுத்த மண் இது. அதை முன்னவர் சொல்லிவிட்டதால் நான் நீட்டவில்லை. ஆனாலும் அந்த மண்ணில் நின்று பேசக் கிடைத்த வாய்ப்புக்கு நன்றி சொல்லாமல் மேலே போக மனம் வரவில்லை. தலைவர் அம்மையார் அவர்கள் இந்தக் கட்டடத்துக்குக் கூரை மாற்றிக் கொடுத்ததற்கும், சங்கத்தார் இன்றைக்கு ஏலக்கூடத்தையே அரங்கமாக ஒதுக்கிக் கொடுத்ததற்கும் ஊரின் சார்பில் என் நன்றி.

எனக்குக் கொடுத்த தலைப்பு, ‘ஊனுண்ணிகளும் மனிதரும்: நூல்கள் காட்டும் உறவு’. மூன்று செய்திகள் சொல்ல விரும்புகிறேன். வேட்டை விலங்குகளைப் பற்றி வந்திருக்கும் புத்தகங்கள் முதலாவது. புலால் உண்பதைப் பற்றி நம் நூல்கள் சொல்வது இரண்டாவது. கடல் உயிர்களுக்கான சட்டங்கள் மூன்றாவது. மூன்றுக்கும் பொதுவாக நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்லும் பழமொழி ஒன்று உண்டு: ‘கொன்றால் பாவம், தின்றால் போச்சு.’ இதைப் பலர் தப்பிக்கும் வழியாகச் சொல்கிறார்கள். எனக்கு இது கண்டிப்பான கணக்காகத்தான் படுகிறது. தின்றதற்கு மட்டும்தான் மன்னிப்பு. தின்னாமல் கொன்றது அப்படியே பாவக் கணக்கில் நிற்கும்.

முதலில் புத்தகங்கள். வேட்டை விலங்கு என்றதும் படித்தவர்கள் எல்லாருக்கும் நினைவுக்கு வருவது ஜிம் கார்பெட். அவருடைய குமாயூன் ஆட்கொல்லிகள் நூல் 1944-இல் வந்தது. அதில் முதலில் வரும் சம்பாவத் பெண்புலி, நேபாளத்திலும் குமாயூனிலுமாக 436 பேரைக் கொன்றது என்பது அவர் தரும் கணக்கு. 1907-இல் அதைச் சுட்டு வீழ்த்திய பிறகு அவர் செய்ததுதான் முக்கியம். வாயைத் திறந்து பார்த்தார். வலது பக்கத்து மேல் கோரைப்பல் பாதியாக உடைந்திருந்தது. கீழ்ப்பல் எலும்புவரை போயிருந்தது. எப்போதோ யாரோ சுட்ட குண்டின் வேலை. மானையும் காட்டுப்பன்றியையும் பிடிக்க முடியாமல் போனதால்தான் அது ஆளைப் பிடித்தது. 1954-இல் கென்னத் ஆண்டர்சன் எழுதிய நூலில் நம் ஓசூர்ப் பக்கத்து ஜவளகிரிப் புலி வருகிறது. தமிழிலேயே மா. கிருஷ்ணன் காட்டுயிர்களைப் பற்றி எழுதிய கட்டுரைகள் இருக்கின்றன. எந்த விலங்கு எதைத் தின்கிறது, ஏன் தின்கிறது என்று பல்லைப் பார்த்து, காலடியைப் பார்த்து எழுதும் பழக்கம் காட்டு விலங்குக்கு வந்துவிட்டது.

கடலுக்கு வந்தது வேறு. 1974-இல் அமெரிக்காவில் பீட்டர் பெஞ்ச்லி எழுதிய சுறா நாவல் கோடிக்கணக்கானவர் மனத்தில் சுறாவை அரக்கனாக்கியது. அடுத்த ஆண்டே படமும் வந்தது. சுறாக்களைப் பற்றித் தெரிந்துகொண்ட பிறகு, அப்படியொரு நாவலை இன்று எழுத மாட்டேன் என்று அவரே சொன்னார். 2006-இல் இறக்கும்வரை சுறாக்களுக்காகப் பேசிக்கொண்டே இருந்தார். படம் ஓடிய அளவுக்கு அந்தப் பேச்சு ஓடவில்லை. உலகம் முழுவதிலும் ஓர் ஆண்டில் மனிதர் சீண்டாமலே சுறா கடித்ததாகப் பதிவாவது சுமார் 60, 70 சம்பவங்கள். அதில் உயிர் போவது பெரும்பாலும் பத்துக்கும் கீழே. ஆண்டுக்கு மனிதர் கொல்லும் சுறாக்கள் ஏறத்தாழ 10 கோடி என்று 2013-இல் வெளியான ஆய்வு மதிப்பிட்டது. இந்த இரண்டு எண்ணையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி ஏலக்கூடச் சுவரில் மாட்டினாலே பாதி வேலை முடிந்துவிடும்.

இன்னொருவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். வால் பிளம்வுட் என்ற ஆஸ்திரேலிய மெய்யியல் அறிஞர். 1985 பிப்ரவரியில் காக்கடு தேசியப் பூங்காவில் தனியாகச் சிறு படகில் போகும்போது உவர்நீர் முதலை அவரைக் கவ்வியது. மூன்று முறை தண்ணீருக்குள் இழுத்து உருட்டியது. பிழைத்து, கிழிந்த காலோடு தவழ்ந்து கரைப்பக்கம் வந்தார். முதலையைச் சுட்டுவிடலாம் என்று பேச்சு வந்தபோது, வேண்டாம் என்று தடுத்தவர் அவர்தான். அதன் இடத்துக்குப் போனது நான் என்றார். நாமும் ஓர் உயிருக்கு இரைதான் என்பதைத் தன் உடம்பில் அறிந்து எழுதிய கட்டுரை அது. சுறாக் கடிபட்ட எத்தனையோ பேர் இந்தக் கரையில் இருந்திருக்கிறார்கள். அவர்கள் அறிந்ததை யார் எழுதி வைத்தார்கள்?

சங்கப் புலவர் எழுதி வைத்தார். குறுந்தொகை 269-ஆம் பாட்டு. ‘வயச்சுறா எறிந்த புண்தணிந்து எந்தையும் நீல்நிறப் பெருங்கடல் புக்கனன்.’ வலிய சுறா தாக்கிய புண் ஆறியதும் அப்பா மறுபடியும் கடலுக்குப் போய்விட்டார். அம்மா உப்பைக் கொடுத்து வெண்ணெல் மாற்றி வர உப்பளத்துக்குப் போயிருக்கிறாள். ஒரு நெய்தல் பெண் தன் வீட்டு நடப்பைச் சொல்கிறாள், அவ்வளவுதான். சுறாவைத் திட்டவில்லை. பழிவாங்கப் போனார் என்று சொல்லவில்லை. புண் ஆறியது, தொழிலுக்குப் போனார். இன்றைக்கும் மண்டபத்திலோ தொண்டியிலோ இப்படித்தான் சொல்வார்கள்.

பட்டினப்பாலையில் இன்னும் ஆச்சரியம். ‘சினைச் சுறவின் கோடு நட்டு மனைச் சேர்த்திய வல்லணங்கினான்.’ சினைச் சுறாவின் கொம்பை மணலில் நட்டு அதையே தெய்வமாக வைத்துக் கும்பிடுகிறார்கள் பரதவர். அந்தக் கோடு வேளா மீனின், அதாவது மூக்கு வாள்போல் நீண்ட மீனின், வாள் என்று கொள்வதே எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. தனியாக எடுத்து நடும்படி நீண்ட கொம்பு உள்ளது அதற்குத்தான். அதே இடத்தில் இன்னொன்றும் வருகிறது. அன்று பௌர்ணமி, பரதவர் கடல் வேட்டைக்குப் போகவில்லை, உண்டு ஆடிக் களிக்கிறார்கள். வேட்டையாடுகிறவனுக்கு ஓய்வு நாள் வேண்டும், வேட்டையாடப்படுவது தெய்வத்தின் பக்கம் இருக்கிறது என்ற இரண்டு எண்ணமும் ஒரே காட்சியில் வந்துவிட்டன. அந்த வேளா இன்று நம் வலையில் கிட்டத்தட்ட இல்லவே இல்லை. நீட்டிய வாளில் இருபுறமும் பல். எந்த வலை எதிர்ப்பட்டாலும் பல் மாட்டிக்கொள்ளும். திருக்கை இனமானாலும் தட்டையாக ஒதுங்கிப் போக வழியில்லாத உடம்பு. வலை பெருகப் பெருக முதலில் போனது அதுதான்.

இப்போது இந்தக் கடலுக்கே உரிய ஒரு கதையைச் சொல்லியாக வேண்டும். மாணவர்கள் கேட்டுக்கொள்ளுங்கள், பெரியவர்கள் பலர் ‘கடல்கட்டி’ என்று கேள்விப்பட்டிருப்பீர்கள்.

மன்னார் வளைகுடாவில் முத்துச் சலாபம், அதாவது முத்துக்குளிப்பு, நடந்த காலம். பார் என்று நாம் சொல்லும் கடலடித் திட்டுகளில் சிப்பி விளைந்திருக்கும். குளியாள் தோணியின் ஓரத்தில் கயிற்றில் கட்டிய கல்லின் மேல் காலை ஊன்றி, மூச்சைப் பிடித்து, கயிற்றை விட்டதும் கல்லோடு அடிக்குப் போவார். ஒரு நிமிடம் போலக் கீழே இருந்து, கைக்கு எட்டிய சிப்பியை வலைப்பையில் வாரிப் போட்டுக் கயிற்றை அசைப்பார். மேலே கயிறு பிடிப்பவர் இழுப்பார். அந்த ஒரு நிமிடத்தில் சுறா வந்தால்? அதற்குத்தான் கடல்கட்டி. சுறாவின் வாயை மந்திரத்தால் கட்டுகிறவர். அவர் கரையில் இருந்தோ தோணியில் இருந்தோ ஓதிக் கட்டாமல் குளியாட்கள் தண்ணீரில் கால் வைக்க மாட்டார்கள். வெள்ளைக்காரர் ஆட்சிக் காலத்தில் அதிகாரிகளுக்கு மந்திரத்தில் நம்பிக்கை இல்லை. ஆனாலும் கடல்கட்டி இல்லையென்றால் சலாபமே நடக்காது என்பதால் அவருக்கு உரியதைக் கொடுத்து வைத்துக்கொண்டார்கள். இலங்கையில் ஆங்கில அரசின் அதிகாரியாக இருந்த எமர்சன் டெனன்ட் 1859-இல் இலங்கையைப் பற்றி எழுதிய நூலில் இது வருகிறது. அவர் பார்த்தபோது மந்திரம் ஓதியவர் கத்தோலிக்கர். மதம் எதுவானால் என்ன, சுறாவுக்கு முன்னால் எல்லாக் குளியாளும் ஒன்று. பங்குத்தந்தையும் ஜமாஅத் தலைவரும் கோயில் பெரியவர்களும் ஒன்றாக அமர்ந்திருக்கும் இந்த மேடையில் இதைச் சொல்வதில் எனக்குத் தனி மகிழ்ச்சி.

அதற்கும் ஏறத்தாழ 600 ஆண்டு முன்னால், 13-ஆம் நூற்றாண்டின் கடைசியில், வெனிஸ் நகரத்து வணிகர் மார்க்கோ போலோ இதே சலாபத்தைப் பற்றிச் சொல்லியிருக்கிறார். ஏப்ரலிலிருந்து மே நடுப்பகுதி வரை குளிப்பு நடக்கும், அரசனுக்குப் பத்தில் ஒரு பங்கு, பெரிய மீன்களை மந்திரத்தால் கட்டுகிறவர்களுக்கு இருபதில் ஒரு பங்கு. அரசன் பங்கில் பாதி அளவு கடல்கட்டிக்குப் போயிருக்கிறது என்றால் அந்த வேலையின் மதிப்பைப் பாருங்கள்! அடுத்து அவர் சொல்வதைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். அந்த மந்திரம் பகலுக்கு மட்டும்தான். பொழுது சாய்ந்ததும் கட்டை அவிழ்த்துவிடுவார்கள். சுறாக்கள் தம் விருப்பம்போலத் திரியும். எதற்காக அவிழ்த்தார்கள்? இராத்திரியில் யாரும் திருட்டுத்தனமாக இறங்கிச் சிப்பி அள்ளிவிடக் கூடாது என்பதற்காக!

என்ன ஏற்பாடு பாருங்கள். பகலில் மனிதனுக்குத் தொழில், இரவில் பாருக்குச் சுறா காவல். சம்பளம் கேட்காத காவல்காரன். அவன் இருக்கிறான் என்ற பயம் இருந்தவரை பாரில் சிப்பி மிஞ்சியது, அடுத்த சலாபத்துக்கு முத்து கிடைத்தது. சுறாவை ஒழித்துவிட வேண்டும் என்று அந்த ஏற்பாட்டில் யாரும் நினைக்கவில்லை. அதன் நேரம் எது, நம் நேரம் எது என்று பிரித்துக்கொண்டார்கள். தமிழ்நாட்டுக் கரையில் கடைசி முத்துக்குளிப்பு நடந்தது 1961-இல். கடல்கட்டிகள் என்ன ஓதினார்கள், எந்தக் காற்றில் எந்தத் தண்ணீரில் சுறா வரும் என்று எப்படிக் கணித்தார்கள் என்பதை நம்மவர் ஒருவர் உட்கார்ந்து எழுதியிருந்தால், இன்று உலகமே தேடிப் படிக்கும் புத்தகமாக அது இருந்திருக்கும். வெனிஸ் நகரத்து வணிகர் சொல்லித்தான் அதை நாம் அறிய வேண்டியிருக்கிறது.

இரண்டாவது செய்தி, புலால். நம் இலக்கியத்தில் இரண்டு பக்கமும் உண்டு. பொருநராற்றுப்படையில் கரிகாலன் விருந்தில் பகலும் இரவும் ஊன் தின்று, கொல்லை உழுத கொழுப்போலப் பல் மழுங்கிப்போனது என்கிறார் பொருநர். திருக்குறளில் ‘புலால் மறுத்தல்’ என்று ஓர் அதிகாரமே இருக்கிறது. மீன் தொழில் செய்யும் ஊரில் அந்த அதிகாரத்தைப் பேசக்கூடாது என்று சிலர் நினைக்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. 256-ஆம் குறளைக் கேளுங்கள்.

‘தினற்பொருட்டால் கொல்லாது உலகெனின் யாரும்
விலைப்பொருட்டால் ஊன்தருவார் இல்.’

தின்பதற்கென்று உலகம் கொல்லாவிட்டால் விலைக்கு ஊன் விற்பவரும் இல்லை. வாங்குகிறவன் இருப்பதால்தான் விற்கிறவன் இருக்கிறான். மீனவனை மட்டும் கூண்டில் ஏற்றாதே, தட்டில் வைத்துச் சாப்பிடுகிறவனையும் கேள் என்கிறார் வள்ளுவர். நம் சுறாவின் கதையும் இதுதான்.

கொன்றால் பாவம், தின்றால் போச்சு. சரி, நாம் சுறாவை எப்படித் தின்கிறோம்? சுறாப்புட்டு. பிள்ளை பெற்றவளுக்குப் பால் ஊறும் என்று பால்சுறாவை வாங்கிவந்து செய்கிறோம். தாய்மார்களுக்குச் செய்முறை சொல்லித்தர நான் வரவில்லை, ஆனால் எங்கே கெடுகிறது என்பதைச் சொல்ல வேண்டும். அரைக் கிலோ மீன் என்றால் முதலில் தோல்மேல் இருக்கும் மணல்போன்ற சொரசொரப்பு போகக் கொதிநீர் ஊற்றிச் சுரண்டுகிறோம். மஞ்சளும் உப்பும் போட்டுப் பத்து நிமிடம் வேகவைத்துத் தோலை உரித்து, நடுக் குருத்தை எடுத்துவிட்டு உதிர்க்கிறோம். துணியில் கட்டி நீரைப் பிழிய வேண்டும். பிழியாவிட்டால் சட்டியில் களியாகிவிடும். அப்புறம் கால் கிலோ சின்ன வெங்காயம், இருபது பல் பூண்டு, ஐந்தாறு பச்சை மிளகாய், இஞ்சி, கறிவேப்பிலை வதக்கி, மீனைக் கொட்டி உதிரியாகும்வரை சிறு தீயில் கிளற வேண்டும். இத்தனையும் சரியாகச் செய்தாலும் சில நேரம் மூக்கைத் துளைக்கும் காரநெடி வரும். சுறாவின் உடம்பில் யூரியா நிறைய உண்டு. கடல் உப்போடு சமன்செய்ய அது அப்படிப் படைக்கப்பட்டிருக்கிறது. செத்தபிறகு பாக்டீரியா அந்த யூரியாவை அம்மோனியா ஆக்கிவிடும். பிடித்தவுடன் இரத்தம் வடித்து, குடலை எடுத்து, ஐஸில் வைக்காத சுறா சில மணி நேரத்தில் நெடி அடிக்கும். எலுமிச்சையும் புளியும் போட்டால் நெடி அடங்கும், மீன் புதிதாகிவிடாது.

நெடியைவிடப் பெரிய கவலை பாதரசம். கடலில் கலக்கும் பாதரசம் மீத்தைல் பாதரசமாக மாறி நுண்ணுயிரில் சேர்கிறது. அதைத் தின்னும் சிறுமீனில் கொஞ்சம் கூடும், சிறுமீனைத் தின்னும் நடுத்தர மீனில் இன்னும் கூடும். வட்டிக்கு வட்டி ஏறுவதுபோல ஏறி, எல்லாவற்றையும் தின்று பல ஆண்டு வாழும் சுறாவில் வந்து நிற்கிறது. அது சதையின் புரதத்தோடு ஒட்டிக்கொண்டிருப்பதால் கழுவினாலும் போகாது, வேகவைத்தாலும் போகாது, பொரித்தாலும் போகாது. கர்ப்பிணிகளும் பாலூட்டும் தாய்மார்களும் சுறாவை அறவே தவிர்க்க வேண்டும் என்று அமெரிக்க அரசின் உணவு மருந்துத் துறை சொல்லியிருக்கிறது. குழந்தையின் மூளையும் நரம்பும் வளரும் காலத்தில் கெடுதி அதிகம் என்பதால்தான். நாம் தேடிப்பிடித்துக் கொடுப்பது அதே தாய்க்கு!

சின்னச் சுறாவில் பாதரசம் குறைவுதானே என்று சிலர் கேட்பார்கள். உண்மை, குறைவுதான். ஆனால் சின்னதை எடுத்தால் கடலுக்குக் கேடு, பெரியதைத் தின்றால் தாய்க்குக் கேடு. பால்சுறா ஏறக்குறைய ஓராண்டு சுமந்து ஓர் ஈற்றில் இரண்டிலிருந்து ஐந்து குட்டி போடும், கூடிப்போனால் எட்டு. சாளை ஆயிரக்கணக்கில் முட்டையிடுகிறது. சாளை பிடிக்கும் கணக்கில் சுறாவைப் பிடித்தால் அது மீண்டு வராது. தாய்ப்பால் ஊறப் போதிய சாப்பாடும் தண்ணீரும், பிள்ளை அடிக்கடி குடிப்பதும்தான் வேண்டும். சாளையையும் நெத்திலியையும் ஆவியில் வேகவைத்து முள் எடுத்து இதே பூண்டும் வெங்காயமும் போட்டுப் புட்டாக்கலாம். புரதம் உண்டு, கால்சியம் உண்டு, பாதரசம் மிகக் குறைவு.

அடுத்து, தின்னாமல் கொல்வது. ஒரு காலத்தில் பீலிக்கு, அதாவது சுறாத் துடுப்புக்கு, விலை ஏறியபோது, துடுப்பை மட்டும் அறுத்துக்கொண்டு உடலைக் கடலிலேயே தள்ளிவிடும் கொடுமை உலகின் பல கடல்களில் நடந்தது. அதைத் தடுக்கத்தான், 2013-இல் நம் நாட்டில் துடுப்பு உடலோடு ஒட்டியிருக்கவே கரை சேர வேண்டும் என்று விதி வந்தது. 2015-இல் பீலி ஏற்றுமதிக்கே தடை வந்தது. ஆனால் இன்று நம் கரையில் என் மனத்தை அறுப்பது பீலி அல்ல, சங்காயம் என்னும் கழிவு மீன். மடிவலையில் வரும் சங்காயக் குவியலைக் கொஞ்சம் கிளறிப் பாருங்கள். காரப்பொடிக்கும் நண்டுக்கும் நடுவில் ஓர் அடிகூட இல்லாத சுறாக் குட்டி, கொம்பன் என்னும் சுத்தியல்தலைச் சுறாவின் குட்டி, உள்ளங்கை அகலத் திருக்கை. எல்லாம் காய்ந்து, அரைபட்டு, கோழித் தீவனத்துக்குப் போகிறது. கொன்றால் பாவம், தின்றால் போச்சு என்கிறோமே, இதை யார் தின்றார்?

அந்தக் குட்டி பிறந்து எத்தனை நாளாகியிருக்கும் என்று கண்டுபிடிக்க நூலறிவு தேவையில்லை. மல்லாக்கப் போட்டு, இரண்டு மார்த்துடுப்புக்கு நடுவில் பாருங்கள். பல சுறா இனங்களின் குட்டிக்குத் தொப்புள் இருக்கும். நம் பிள்ளைகளைப் போலவே தாயின் வயிற்றில் கொடியோடு இருந்ததுதான். நகக்கீறல் மாதிரி சிவந்து திறந்திருந்தால் பிறந்து சில நாள்தான் ஆகிறது. மூடி வெள்ளைக் கோடாகத் தெரிந்தால் சில வாரம். தடமே மறைந்திருந்தால் அதற்கும் மேல். ஆண் சுறாவுக்கு அடித்துடுப்பு ஓரத்தில் இரண்டு குச்சி இருக்கும். அது குட்டையாகத் துவண்டு கிடந்தால் இன்னும் பருவம் வரவில்லை, நீண்டு விறைத்திருந்தால் வந்துவிட்டது. இந்த இரண்டு அடையாளம் தெரிந்தால் போதும், ஏலத்துக்கு வரும் பல சுறாக்கள் தம் பருவத்தைத் தாமே சொல்லிவிடும்.

உயிரோடு வந்தால் விட்டுவிடலாம். விடுவதற்கும் முறை உண்டு. வாலைப் பிடித்துத் தலைகீழாகத் தூக்கக் கூடாது. சுறாவுக்கு விலா எலும்புக்கூடு இல்லை, தண்ணீருக்கு வெளியே தன் எடையே உள்ளுறுப்பை நசுக்கும். ஒரு கை வயிற்றின் கீழே, ஒரு கை வாலடியில். செவுளுக்குள் விரலை விடக் கூடாது. வலை கண்ணில் இறுகியிருந்தால் இழுக்காமல் இரண்டு கண்ணியை அறுத்துவிடுவதே மேல், கண்ணி முடிய ஐந்து நிமிடம் ஆகாது. நீரோட்டத்துக்கு எதிராகத் தலையை வைத்து விட வேண்டும். கொம்பன் குட்டிக்கு முதலிடம். நீந்திக்கொண்டே இருந்தால்தான் அதற்கு மூச்சு, வலையில் நின்றால் சீக்கிரம் செத்துவிடும். திருக்கையும் அதன் இனமான உழுவையும் தரையில் கிடந்தபடியே மூச்சுத்துளை வழியாகத் தண்ணீர் இழுக்கக் கூடியவை, கொஞ்ச நேரம் தாங்கும். அதனால் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடவும் கூடாது.

மூன்றாவது செய்தி சட்டம். 1972 வன உயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் அட்டவணையில் 2001-இல் திமிங்கலச் சுறாவும் வேளாவும் சேர்ந்தன. 1986-லிருந்து நம் மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளைச் சுற்றித் தேசியப் பூங்கா இருக்கிறது. 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் எல்லாருக்கும் தெரியும். உதவி இயக்குநர் அவர்கள் இதை என்னைவிட விரிவாகவும் அதிகாரத்தோடும் சொல்வார்கள் என்பதால் அவர்களுக்கே விட்டுவிடுகிறேன். நான் கேட்பது சட்டத்துக்கு முந்தைய ஒன்று. பாதுகாக்கப்பட்ட உயிர் எது என்று தெரிந்தால்தானே மீனவர் விடுவார்? வலையிலிருந்து எடுத்த கையில் பிடித்திருக்கும்போது தெரிய வேண்டும். கரைக்கு வந்து அதிகாரி சொல்லித் தெரிவதில் பயனில்லை.

ஆகவேதான் புத்தகம் கேட்கிறேன். இந்த நூலகத்தில் ஓர் அலமாரி, ‘கடல் வேட்டை உயிர்கள்’ என்று பெயர் எழுதி. அதில் கார்பெட்டின் தமிழாக்கமும் இருக்கட்டும், குறுந்தொகையும் பட்டினப்பாலையும் இருக்கட்டும். பிரான்சிஸ் டே 1875 முதல் 1878 வரை வெளியிட்ட இந்திய மீன்கள் நூலின் படங்கள் நகலாக இருக்கட்டும், பல மீன்களுக்கு அவர் ஊர்ப்பெயரையும் கேட்டு எழுதியிருக்கிறார். எல்லாவற்றுக்கும் மேலாக நம்மவர் எழுதும் கையேடு ஒன்று வேண்டும். பாம்பனில் ஒரு பெயர், கீழக்கரையில் ஒரு பெயர், தொண்டியில் வேறு பெயர் என்று வழங்குவதை எல்லாம் ஒரே படத்தின் கீழே சேர்த்து எழுத வேண்டும். மண்டபத்தில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தின் மையம் இருக்கிறது. அறிவியல் பெயரைச் சரிபார்க்க அங்குள்ள அறிஞர்களிடம் கேட்கலாம். ஊர்ப்பெயரும் வலையும் காற்றும் சொல்லவேண்டியவர்கள் இங்கே உட்கார்ந்திருக்கும் சம்மாட்டிகளும் கடலாடிகளும்தான். எழுதத் தெரியாவிட்டால் சொல்லுங்கள், பள்ளிப் பிள்ளைகள் எழுதிக்கொள்வார்கள்.

பணம் எங்கே என்று கேட்பவர்களுக்கு ஒரு சொல். 1948-ஆம் ஆண்டுப் பொது நூலகச் சட்டத்தின்படி நீங்கள் கட்டும் வீட்டு வரியில் ரூபாய்க்குப் பத்துக் காசு நூலக வரி. ஓலைக்குடிசையிலிருந்து மாடி வீடானவர் எல்லாரும் கட்டுகிறோம். ஓர் அலமாரி கேட்பது சலுகை கேட்பதாகாது.

கையேடு அச்சிடும்போது சில காரியம் கவனிக்க வேண்டும். ஊக்கு அடித்த புத்தகம் வேண்டாம். உப்புக்காற்றில் ஊக்கு ஆறு மாதத்தில் துருப்பிடித்துத் தாளைத் தின்றுவிடும். நூல் தைத்ததாக இருக்கட்டும். எழுத்து 16 புள்ளிக்குக் குறையக் கூடாது, அறுபது வயதுத் தாத்தா கண்ணாடி இல்லாமல் படிக்க வேண்டும். ஏலக்கூடத்தில் படம் மாட்டுவதானால் பிளெக்ஸ் வேண்டாம், ஒரே வெயிலில் வெளுத்துவிடும். சுவரில் எனாமல் பெயின்ட்டால் வரைந்துவிடலாம். சுறா, உழுவை, திருக்கை ஒவ்வொன்றும் குட்டிப் பருவ அளவில், உண்மையான நீளத்தில் இருக்க வேண்டும். பிடித்த மீனைச் சுவரில் வைத்து அளந்து பார்க்கும்படி. தொப்புள் வடுவின் மூன்று நிலையும் பெரிதாக. சட்டம் காக்கும் இனங்களுக்குச் சுற்றிச் சிவப்புக் கட்டம். ஏலம் எடுக்கும் பெண்கள் நிற்கும் பக்கத்துச் சுவரில் வரைவதே நல்லது. கூறு வைத்து விலை பேசி மீனைக் கையில் எடுத்துப் பார்ப்பவர்கள் அவர்கள்தாம். குட்டிக்கு விலை கேட்க மாட்டோம் என்று அவர்கள் பத்துப் பேர் சொல்லிவிட்டால் அடுத்த வாரமே குட்டி வருவது குறையும். வள்ளுவர் 256-இல் சொன்னதன் வேலை அங்கேதான் தொடங்குகிறது.

மாவட்ட நூலக அலுவலருக்குக் கொடுக்க வேண்டிய விண்ணப்பம் எழுதி வைத்திருக்கிறது. வாசலுக்கு இடப்பக்கம் மேசையில் இருக்கிறது. கையொப்பம் இடுகிறவர்கள் பெயருக்குப் பக்கத்தில் எந்தச் சுறாவை என்ன பெயரால் அழைக்கிறீர்கள் என்று ஒரு பெயராவது எழுதிவிட்டுப் போங்கள். கையேட்டின் முதல் பட்டியலுக்கு அது உதவும். கையொப்பம் இட வராதவர்களுக்குப் பத்தாம் வகுப்பு மாணவிகள் இருவர் எழுதிக்கொடுக்க உட்கார்ந்திருக்கிறார்கள். சுவர் ஓவியத்துக்கு எனாமல் வாங்கித் தருவதாக விசைப்படகுச் சங்கத் தலைவர் சற்றுமுன் மேடையிலேயே சொன்னார்கள். அவர்களுக்கும், இவ்வளவு நேரம் பொறுமையாகக் கேட்ட உங்கள் எல்லாருக்கும் நன்றி. வணக்கம்.